மாலை ஆறு மணியை எப்படிக் கடக்கிறீர்கள்?

கேள்வி: கோத்தகிரி வண்டிக்காரன்

வணக்கம். பல மாதங்களாக இங்கே மற்றவர்கள் எழுதுவதைப் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். இன்றுதான் எழுதத் துணிகிறேன். எனக்கு வயது 38. கோத்தகிரிக்குப் பக்கத்தில் ஒரு சிற்றூர். சொந்தமாக ஒரு பிக்கப் வண்டி வைத்திருக்கிறேன். கேரட், பீட்ரூட், முட்டைக்கோஸ் ஏற்றிக்கொண்டு மேட்டுப்பாளையம் மண்டிக்குப் போய் வருவதுதான் தொழில். குடியை நிறுத்தி இன்றோடு 63 நாள்.

நிறுத்திய கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். விடியற்காலை நான்கு மணி, பீட்ரூட் லோடு, குஞ்சப்பனைக்கு மேலே ஒரு வளைவு. முந்தைய இரவு குடித்தது எனக்கு இறங்கவே இல்லை. பிரேக்கைத் தாமதமாக மிதித்தேன். முன்பக்க இடது சக்கரம் சாலையோரக் கல்லின் மேல் ஏறி நின்றது. என்னோடு வந்த பையனுக்கு 19 வயது. இறங்கிப் பின்சக்கரத்துக்குக் கல் முட்டுக் கொடுத்தான். டார்ச் அடித்துக் கீழே பள்ளத்தைப் பார்த்தான். திரும்பி வந்து உட்கார்ந்தான். ஒரு வார்த்தை பேசவில்லை. மண்டியில் சரக்கை இறக்கியதும் கூலியை வாங்கிக்கொண்டு பஸ்ஸில் ஊர் திரும்பிவிட்டான். மறுநாள் வேலைக்கு வரவில்லை. அவன் என்னைத் திட்டியிருந்தால் இந்நேரம் மறந்திருப்பேன்.

அடுத்த நாள் அரசு மருத்துவமனைக்குப் போய்ச் சேர்ந்தேன். ஆறு நாள் படுக்கை. அந்த நாட்களைப் பற்றி எழுத இப்போது மனமில்லை.

நிறுத்துவது எனக்குப் புதிதல்ல. ஆண்டுதோறும் சபரிமலைக்கு மாலை போடுவேன், ஒரு மண்டலம் சுத்தமாக இருப்பேன், மலையிறங்கி மாலையைக் கழற்றிய அன்றே குடிப்பேன். கோயிலில் கயிறு கட்டியிருக்கிறேன். மகள் தலையில் கை வைத்துச் சத்தியம் செய்திருக்கிறேன். திருமணமான பிறகு 63 நாளைத் தாண்டுவது இதுதான் முதல் முறை.

பகலில் எனக்குத் தொந்தரவே இல்லை. இரவு இரண்டரைக்கு எழுந்து கேரட் கழுவும் இடத்துக்குப் போய் மூட்டை ஏற்றுகிறேன், மண்டிக்குப் போகிறேன், பதினொரு மணிக்குள் வீடு திரும்பித் தூங்குகிறேன். நாலரைக்கு விழிப்பு வந்துவிடும். ஐந்தரைக்கு மேல் பள்ளத்தாக்கிலிருந்து மூடுபனி ஏறி வரும்போது எனக்குள்ளும் ஏதோ ஏறி வருகிறது. வாய் வறண்டு போகிறது. எவர் பேசினாலும் எரிச்சல். நேற்று ஆறு மணிக்கு, எங்கும் போகும் வேலையில்லாமல், வண்டிக்குள் ஏறி ஸ்டீயரிங்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சாவி கையில் இருந்தது. உள்ளங்கையில் அதன் பல் பதியும் அளவுக்கு இறுக்கிப் பிடித்திருந்தேன். ஏழு மணிக்கு இறங்கிவிட்டேன். நாளைக்கும் இறங்குவேன் என்று எப்படிச் சொல்வது?

இன்னும் இரண்டு செய்திகள். கொட்டகைக்குப் பின்னால் ஒரு சாக்கில் 31 காலி பாட்டில்கள் கிடக்கின்றன. காட்டுவிலங்குகளின் காலில் கண்ணாடி குத்துகிறது என்று நீதிமன்றம் சொன்னதால், பாட்டிலுக்குப் பத்து ரூபாய் கூடுதலாக வாங்கிக்கொண்டு, காலி பாட்டிலைத் திருப்பிக் கொடுத்தால் பணத்தைத் தரும் முறை 2022 மே மாதம் எங்கள் மாவட்டத்தில்தான் தொடங்கியது. அந்தக் கணக்கில் சாக்குக்குள் 310 ரூபாய் இருக்கிறது. கொண்டு போய்க் கொடுத்துப் பள்ளி வேன் கட்டணத்தில் சேர்க்கலாமே என்கிறாள் மனைவி. அவள் சொல்வதில் தவறில்லை. ஆனால் அந்தக் கடைக்குத்தான் போக வேண்டும்.

இரண்டாவது, என் மகள். ஏழாம் வகுப்பு. முன்னறையில் தரையில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவாள். என் வண்டி வளைவில் திரும்பும் சத்தம் கேட்டதும் நோட்டுகளை அள்ளிக்கொண்டு உள்ளறைக்குப் போய்விடுவாள். ஒரு முறை போதையில் அவள் நோட்டைக் கிழித்திருக்கிறேன். இன்றும், 63-ஆம் நாளும், அள்ளிக்கொண்டுதான் போனாள். "அப்பா குடிக்கவில்லை, அங்கேயே எழுதும்மா" என்றேன். "சரிப்பா" என்றாள். திரும்பி வரவில்லை.

அடுத்த மாதம் என் மைத்துனன் திருமணம். முதல் நாள் இரவு மண்டபத்துக்குப் பின்னால் என்ன நடக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். "ஒரு நாள்தானே மாமா" என்று இப்போதே சொல்லிவிட்டான்.

இதைக் கடந்து வந்தவர்கள் சொல்லுங்கள். இந்த வலிமை எங்கிருந்து வருகிறது?

பதில்: குன்னூர் தேயிலைக்காரர்

தம்பி, உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். 63 நாள் என்று சாதாரணமாக எழுதிவிட்டீர்கள். அதில் 63 மாலைப்பொழுதுகள் இருக்கின்றன. நான் அவற்றைத்தான் எண்ணுகிறேன்.

என்னைப் பற்றிச் சொல்கிறேன். நான் பிறந்தது இலங்கைத் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீட்டில். தோட்டத் தமிழர்களை இந்தியாவுக்குத் திருப்பி அனுப்பிய சாஸ்திரி - சிறிமாவோ ஒப்பந்தத்தில் திரும்பி வந்த குடும்பம். 1974-இல் எட்டு வயதுப் பையனாகத் தலைமன்னாரில் கப்பலேறி ராமேஸ்வரம் வந்து, மண்டபம் முகாமில் இருந்து, பிறகு இந்த மலைக்கு வந்து சேர்ந்தேன். தேயிலைத் தொழிற்சாலையில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் வேலை. அதில் பாதிக்கு மேல் குடித்துக்கொண்டே பார்த்த வேலை. 2013 ஆகஸ்டில் நிறுத்தினேன். அதற்கு முன் எத்தனை முறை நிறுத்தினேன் என்று எனக்கே கணக்கில்லை.

வலிமை எங்கிருந்து வருகிறது என்று கேட்கிறீர்கள். நான் பல ஆண்டுகள் அதை எனக்குள்ளேயே துழாவினேன். கிடைக்கவில்லை. எனக்கு அது ஓர் ஓய்வுபெற்ற தபால்காரர் உருவத்தில் வந்தது. பெயர் சொல்லக் கூடாது, குடியை நிறுத்தியவர்கள் கூடும் எங்கள் குழுவில் அதுதான் வழக்கம். அரவங்காட்டுக்காரர். நான் முதல் கூட்டத்துக்குப் போன அன்று, "உங்களுக்கு எந்த நேரம் கஷ்டம்?" என்று மட்டும் கேட்டார். "சாயங்காலம் ஆறு" என்றேன். மறுநாள் ஐந்தே முக்காலுக்கு என் வீட்டு வாசலில் நின்றார். பழைய காக்கி கோட்டு. அதன் வலது பாக்கெட்டில் செய்தித்தாளில் சுற்றிய நான்கு வர்க்கி, எங்கள் மலையின் மொறுமொறு பிஸ்கட். "முதலில் இதைச் சாப்பிடுங்கள்" என்று இரண்டை என் கையில் வைத்தார். பசியும் குடித்தவிப்பும் உடம்புக்குள் ஒரே குரலில் பேசும், பசியை முதலில் அடக்கினால்தான் மற்றது எவ்வளவு என்று தெரியும் என்பார். வர்க்கியின் பொருக்கு என் சட்டை முழுவதும் உதிர்ந்தது. என் கை அப்போதும் நடுங்கிக்கொண்டிருந்தது. அவர் அதைப் பார்க்காதவர் போல, எதிரே வந்த நாயிடம் பேச்சுக் கொடுத்தார்.

அதன் பிறகு நடை. சிம்ஸ் பூங்கா வரை ஏற்றம். கடைத்தெரு வழியாகப் போனால் பத்து நிமிடம் மிச்சம், ஆனால் மதுக்கடை அந்த வழியில்தான். நாங்கள் சுற்றிப் போனோம். 34 ஆண்டு கடிதம் கொடுத்த மனிதர், ஒவ்வொரு வீட்டைப் பற்றியும் ஒரு செய்தி வைத்திருந்தார். இந்த வீட்டுக்கு மாதம் தவறாமல் பட்டாளத்திலிருந்து மணியார்டர் வரும், அந்த வீட்டு அம்மாவுக்கு எழுத்துத் தெரியாது, கடிதத்தை நான்தான் படித்துச் சொல்வேன், இப்படி. குடியைப் பற்றிப் பேசியது குறைவு. திரும்பும்போது மணி ஏழரை ஆகியிருக்கும். கால் வலிக்கும், வயிறு கேட்கும், சாப்பிட்டுப் படுத்துவிடுவேன். அந்தத் தவிப்பு அதே வேகத்தில் அரை மணி நேரத்துக்கு மேல் நிற்பதில்லை என்பதை ஏற்றத்தில் நடந்துதான் தெரிந்துகொண்டேன். 90 நாள் வந்தார். ஒரு நாள்கூடத் தவறவில்லை. வடகிழக்குப் பருவமழையில் குடையோடு வந்தார்.

எங்கள் இயக்கமான ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ் தொடங்கியதே இப்படித்தான், தம்பி. 1935 மே மாதம் பில் வில்சன் என்ற அமெரிக்கப் பங்குத் தரகர் ஆக்ரன் என்ற ஊருக்குத் தொழில் விஷயமாகப் போனார். குடியை விட்டுச் சில மாதங்களே ஆகியிருந்தன. போன காரியம் தோற்றுவிட்டது. ஹோட்டல் கூடத்தில் தனியாக நிற்கிறார், ஒரு பக்கம் மது அருந்தும் அறையின் சிரிப்பொலி, இன்னொரு பக்கம் தொலைபேசி. தொலைபேசியை எடுத்துத் தன்னைப் போன்ற ஒரு குடிநோயாளியைத் தேடினார். பாப் ஸ்மித் என்ற அறுவை மருத்துவர் கிடைத்தார். 15 நிமிடம்தான் பேசுவேன் என்று வந்த மருத்துவர் ஆறு மணி நேரத்துக்கு மேல் உட்கார்ந்திருந்தார். அவருடைய கடைசிக் குடி 1935 ஜூன் 10. அந்த நாளைத்தான் இயக்கம் பிறந்த நாளாக வைத்திருக்கிறார்கள். பில் வில்சன் அங்கே போனது மருத்துவரைக் காப்பாற்ற மட்டுமல்ல, தன் மாலையைக் கடப்பதற்கும்தான். நீங்கள் வண்டிக்குள் தனியாகச் சாவியைப் பிடித்துக்கொண்டிருந்ததைப் படித்தபோது எனக்கு அந்த ஹோட்டல் கூடம் நினைவுக்கு வந்தது.

ஆகவே நாளை நீங்கள் செய்ய வேண்டியது: ஐந்து மணிக்கு வயிறு நிறையச் சாப்பிடுங்கள். ஐந்தரைக்கு வண்டிச் சாவியை மனைவியிடம் கொடுத்துவிடுங்கள். குழுவில் ஒருவருக்குத் தொலைபேசியில் பேசுங்கள். கட்டணம் கிடையாது, சாதி மதம் கேட்பதில்லை, குடியை நிறுத்த விருப்பம் இருந்தால் போதும், உறுப்பினர்தான். எங்கள் ஞாயிறு கூட்டம் காலை பத்தரைக்கு. இடத்தைத் தனிச்செய்தியில் அனுப்புகிறேன்.

கைக்கு ஒரு வேலையும் வேண்டும். தபால்காரரின் 90 நாள் முடிந்ததும் நான் மேலாளரிடம் கேட்டு மாலை நான்கு முதல் இரவு பன்னிரண்டு ஷிப்டுக்கு மாறிக்கொண்டேன். இலை வந்து இறங்கும் நேரம் அது. எடை போட வேண்டும், வாட்டும் தொட்டியில் பரப்ப வேண்டும், சூடு பிடிக்காமல் புரட்டிவிட வேண்டும். நிமிர்ந்து பார்க்க நேரமிருக்காது. மதுக்கடை இரவு பத்து மணிக்கு மூடிவிடும், என் வேலை முடிவது பன்னிரண்டு மணிக்கு. உங்களிடம் வண்டி இருக்கிறது. சிறு விவசாயிகளின் பச்சைத் தேயிலையை மாலையில் சேகரித்துத் தொழிற்சாலைக்குக் கொண்டுபோக வண்டி தேடுகிறார்கள். விசாரித்துப் பாருங்கள். இரவு இரண்டரைக்கு எழுபவர் நீங்கள், ஆகவே வாரத்தில் மூன்று நாளுக்கு மேல் வேண்டாம். களைப்பும் நம்மைக் கடைக்குத்தான் இழுத்துப் போகும்.

310 ரூபாயை விட்டுவிடுங்கள். சாக்கைத் தூய்மைப் பணியாளர் ஒருவரிடம் கொடுங்கள். பாட்டிலும் காட்டுக்குள் போகாது, அவருக்கும் பணம் கிடைக்கும்.

தபால்காரர் 2019-இல் காலமானார். நானும் தோள் கொடுத்தேன். அந்தக் காக்கி கோட்டை அவர் மகன் எனக்குக் கொடுத்துவிட்டார். இப்போது ஐந்தே முக்காலுக்கு அதைப் போட்டுக்கொண்டு நான் வேறொரு வாசலில் நிற்கிறேன்.

பதில்: கூடலூர் அக்கா

தம்பி, நான் குடித்தவள் இல்லை. குடித்தவரோடு வாழ்ந்தவள். தோட்டத்தில் கொழுந்து பறிக்கிறேன். என் வீட்டுக்காரர் நிறுத்தி நான்கு ஆண்டு முடிந்துவிட்டது. உங்கள் மகளைப் பற்றித்தான் எழுத வந்தேன்.

அவள் நோட்டை அள்ளிக்கொண்டு போவதைத் தடுக்காதீர்கள். "அப்பா குடிக்கவில்லை" என்று சொல்லவும் சொல்லாதீர்கள். குடித்திருந்த நாட்களிலும் அதைத்தானே சொல்லியிருப்பீர்கள்? அவள் காதில் அந்த வாக்கியம் அப்படித்தான் விழும். என் மகன் இரண்டு ஆண்டு செருப்பைக் கழற்றாமல் தூங்கினான். அப்பா வந்து சத்தம் போட்டால் பக்கத்து லைனுக்கு ஓட வேண்டுமே, அதற்காக. அவர் நிறுத்தி எட்டு மாதம் ஆன பிறகும் செருப்போடுதான் படுத்தான். ஒரு நாள் கழற்றிவிட்டுப் படுத்தான். நாங்கள் இருவரும் பார்த்தோம், ஒன்றும் சொல்லவில்லை. அவர் வெளியே போய் உட்கார்ந்து அழுதார்.

அவர் செய்தது ஒன்றுதான். எஸ்டேட்டிலிருந்து கிளம்பும்போது எனக்குத் தொலைபேசி செய்வார். "ஆறு இருபதுக்கு வருகிறேன்" என்பார். ஆறு இருபதுக்கு வருவார். மழையென்றால், யானை வழியில் நிற்கிறதென்றால், மறுபடி கூப்பிட்டு நேரத்தை மாற்றிச் சொல்வார். இதை ஓர் ஆண்டுக்கு மேல் செய்தார். குடிக்க மாட்டேன் என்று எனக்கு அவர் எத்தனையோ சத்தியம் செய்திருக்கிறார், ஒன்றும் மனதில் நிற்கவில்லை. அந்த ஆறு இருபது மனதில் நின்றது.

இன்னொன்று. இதைப் படிக்கும் பெண்களுக்குச் சொல்கிறேன், தயவுசெய்து கேளுங்கள். அவருக்குத் தெரியாமல் ரசத்தில் மாத்திரையைப் பொடித்துப் போட்டவள் நான். ஒரு தோழி சொன்னாள், செய்துவிட்டேன். அன்று மாலை அவர் குடித்துவிட்டு வந்தார். முகம் செக்கச்செவேலென்று ஆகி, வாந்தி எடுத்து, நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வாசலிலேயே சரிந்துவிட்டார். ஜீப் பிடித்து மருத்துவமனைக்குக் கொண்டு போகும் வழியெல்லாம் என் கையாலேயே கொன்றுவிட்டேன் என்று நினைத்தேன். மருத்துவரிடம் உண்மையைச் சொன்னதால் பிழைத்தார். அந்தப் பாவத்தை நான் அவரிடம் ஒப்புக்கொள்ள எனக்கு ஓர் ஆண்டு ஆனது. அவரை மட்டும் குற்றவாளியாக வைத்துப் பேசிக்கொண்டிருந்த எனக்கு, எனக்கும் உதவி வேண்டும் என்று அன்றைக்குத்தான் புரிந்தது. குடிப்பவர்களின் குடும்பத்தாருக்கென்று அல்-அனான் கூட்டங்கள் தனியாக நடக்கின்றன. உங்கள் மனைவியிடம் சொல்லுங்கள்.

பதில்: ஊட்டி செவிலியர்

கூடலூர் அக்கா எழுதியதை ஒவ்வொரு வீட்டிலும் படிக்க வேண்டும். அவர் சொல்லும் அறிகுறிகளைப் பார்த்தால் அது டைசல்ஃபிரம் வகை மாத்திரையாக இருக்க வேண்டும். மது உடலுக்குள் முதலில் அசிடால்டிஹைடு என்ற நச்சாக மாறும், அதை நம் கல்லீரல் உடனே உடைத்துவிடும். இந்த மாத்திரை அந்த இரண்டாம் வேலையைத் தடுத்துவிடுகிறது. நச்சு தேங்கி, முகம் சிவந்து, இதயம் படபடத்து, ரத்த அழுத்தம் விழும். மாத்திரையை நிறுத்தி இரண்டு வாரம் ஆன பிறகு குடித்தால்கூட இது நடக்கக்கூடும். குடிப்பவரே தெரிந்து, சம்மதித்து, மருத்துவர் பார்வையில் எடுத்துக்கொண்டால் அது ஒரு நல்ல வேலி. தெரியாமல் கொடுத்தால் உயிருக்கு ஆபத்து. "குடிப்பவருக்குத் தெரியாமல் கலந்து கொடுக்கலாம்" என்று சுவரொட்டி ஒட்டி விற்கும் பொடிகளையும் நம்பாதீர்கள்.

வண்டிக்கார அண்ணன் மருத்துவமனையில் சேர்ந்து நிறுத்தினார். அதைப் பாராட்ட வேண்டும். நாள்தோறும் நிறையக் குடித்தவர்கள் வீட்டிலேயே திடீரென்று நிறுத்தக் கூடாது. முதல் நாளில் கை நடுக்கமும் வியர்வையும் வரும். இரண்டு நாட்களுக்குள் வலிப்பு வரலாம். இரண்டிலிருந்து நான்கு நாட்களுக்குள் சிலருக்குச் சித்தம் கலங்கி, இல்லாத பூச்சியும் பாம்பும் தெரியும். சிகிச்சை இல்லாவிட்டால் இறப்பு வரைக்கும் போகும். எங்கள் வார்டில் முதல் வேலையாகத் தயமின் என்ற பி1 வைட்டமின் ஊசி போடுவோம். அது குறைந்தால் நினைவாற்றலே நிரந்தரமாகப் போய்விடக்கூடும்.

குளிரைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் இந்த மலையில் எல்லோரும் சொல்லும் காரணம் அதுதான். டிசம்பரில் தலைக்குந்தா புல்வெளி உறைபனியில் வெள்ளையாக இருக்கும்போது, ஒரு வாய் உள்ளே போனால் சூடாக இருக்கிறதே என்பார்கள். தோலுக்கு அடியிலுள்ள ரத்தக்குழாய்கள் விரிவதால் தோல் சூடாகிறது. உடம்பின் உள்சூடுதான் அந்த வழியாக வெளியே போகிறது. குடித்துவிட்டு வெளியில் விழுந்து கிடப்பவர் உடம்பு சில்லிட்டு இறப்பது இதனால்தான். மூடுபனி ஏறும்போது உங்களுக்கு வேண்டியது கம்பளியும் சூடான கஞ்சியும்தான், அண்ணா.

தூக்கம் சரியாகச் சில மாதம் ஆகும். எரிச்சலும் அப்படித்தான். தவிப்பைக் குறைக்கும் மாத்திரைகள் இருக்கின்றன, நால்ட்ரெக்சோன், அகாம்ப்ரோசேட் என்று. உங்களுக்குப் பொருந்துமா என்று மனநல மருத்துவரைக் கேளுங்கள். இரவில் தவிப்பு தாங்காவிட்டால் 14416 என்ற டெலி மனஸ் எண்ணில், அரசின் மனநல உதவி எண் அது, எந்நேரமும் தமிழில் பேசலாம். போதை மறுவாழ்வுக்கென்று 14446 இருக்கிறது. இரண்டும் இலவசம்.

பதில்: பூம்பாறை பூண்டுக்காரன்

அண்ணா, நான் கொடைக்கானல் பக்கம். வயது 27. எட்டு மாதம் குடிக்காமல் இருந்து, ஒரு நண்பன் திருமணத்தில்தான் சறுக்கினேன். அதனால் உங்கள் கேள்வியின் கடைசிப் பகுதி எனக்குக் குத்தியது.

அன்று நான் செய்த தவறு, யாரிடமும் சொல்லாமல் போனது. குடிக்க மாட்டேன் என்று எனக்கு மட்டும் தெரியும், வேறு எவருக்கும் தெரியாது. பூண்டு அறுவடை முடிந்து கையில் பணம் வேறு இருந்தது. ஒருவன் தம்ளரை நீட்டியபோது என்ன சொல்வது என்று தெரியாமல் வாங்கிவிட்டேன். அதன் பிறகு மூன்று வாரம் நிறுத்தவில்லை. அந்த மூன்று வாரத்தைவிட மோசமானது அதற்கடுத்த வாரம். வெட்கத்தால் கூட்டத்துக்குப் போகாமல் வத்தலக்குண்டு வரை போய்விட்டுத் திரும்பி வந்தேன். இரண்டாம் முறை உள்ளே போனேன். ஒருவரும் எங்கே போனாய் என்று கேட்கவில்லை. நாற்காலியை நகர்த்திக் கொடுத்தார்கள். இப்போது ஐந்து மாதம் ஆகிறது.

மைத்துனனிடம் இப்போதே, திருமண வேலைகளுக்கு முன்பே, தனியாக உட்காரவைத்துச் சொல்லிவிடுங்கள். முதல் நாள் இரவு அங்கே தங்காதீர்கள். உங்களிடம் வண்டி இருக்கிறது, விடியற்காலையில் மண்டபத்துக்குக் காய்கறி ஏற்றி வரும் பொறுப்பை நீங்களே கேட்டு வாங்குங்கள். அந்த வேலை இருப்பவர் இரவில் குடிக்க முடியாது என்று எல்லோருக்கும் தெரியும். தாலி கட்டியதும் மொய் எழுதி, பந்தியில் சாப்பிட்டு, புறப்பட்டுவிடுங்கள். வண்டியை வெளியே போகும் வாக்கில் நிறுத்துங்கள்.

கோத்தகிரி வண்டிக்காரன்

எல்லோருக்கும் நன்றி. பதில் எழுத ஒன்பது நாள் ஆகிவிட்டது. இன்று 72.

சாக்கைக் கொடுத்துவிட்டேன். எங்கள் தெருவுக்கு வரும் தூய்மைப் பணியாளர் அக்கா ஒவ்வொரு பாட்டிலாக எண்ணி எடுத்து வைத்தார். 29-தான் இருந்தது. இரண்டை என் மனைவி முன்பே உடைத்துப் புதைத்திருக்கிறாள், எனக்குத் தெரியாது.

மைத்துனனிடம் பேசினேன். முதலில் சிரித்தான். குஞ்சப்பனை வளைவைப் பற்றிச் சொன்னேன். இதுவரை வீட்டில் எவருக்கும் அதைச் சொன்னதில்லை. அவன் சிரிப்பதை நிறுத்திவிட்டு, அந்தப் பையன் இப்போது எங்கே வேலை செய்கிறான் என்று கேட்டான். எனக்குத் தெரியவில்லை. விசாரித்துக்கொண்டிருக்கிறேன். அவனிடம் ஒரு மன்னிப்புக் கேட்க வேண்டும். காய்கறி ஏற்றி வரும் பொறுப்பு எனக்குத்தான்.

அரவேணுப் பக்கம் திங்கள், புதன், வெள்ளி மாலையில் இலை ஏற்றும் வேலை கிடைத்திருக்கிறது. சாக்குகளைத் தூக்கி எடைத் தராசில் வைக்கும்போது மணி பார்க்கத் தோன்றவில்லை. வேலையில்லாத நாட்களில் நாலரைக்கே மனைவி சோறு போட்டுவிடுகிறாள், சாவியை வாங்கி மளிகை டப்பாவுக்குள் போட்டுவிடுகிறாள். நேற்று செவ்வாய்க்கிழமை, மிகக் கடினமாக இருந்தது. குன்னூர் ஐயாவிடம் தொலைபேசியில் 40 நிமிடம் பேசினேன். பாதி நேரம் கேரட் விலையைப் பற்றித்தான்.

மகள் இன்னும் நோட்டை எடுத்துக்கொண்டு உள்ளேதான் போகிறாள். அக்கா சொன்னபடி நான் ஒன்றும் சொல்வதில்லை. வருவதற்கு முன் மணி சொல்லிக் கூப்பிடுகிறேன். இரண்டு நாள் அவளே எடுத்து, "சரிப்பா, ஏழு மணி" என்றாள்.

ஐயா, ஒரு சந்தேகம். இந்த ஞாயிறு எனக்கு லோடு இருக்கிறது. மண்டியிலிருந்து குன்னூர் வழியாக ஏறி வந்தாலும் பதினொன்றரை ஆகிவிடும். கூட்டம் பாதிக்கு மேல் முடிந்திருக்கும். அடுத்த வாரம் வரட்டுமா?

குன்னூர் தேயிலைக்காரர்

இந்த வாரமே வாருங்கள், தம்பி. பாதியில் வந்தால் ஒன்றும் குறைந்துவிடாது. சாலையில் வண்டி நிறுத்த இடம் கிடைக்காது, பிக்கப்பைப் பின்பக்கத் திடலுக்குள் விட்டுவிடுங்கள், கேட்டைத் திறந்து வைக்கச் சொல்கிறேன். மண் படிந்த கால், லோடு ஏற்றிய சட்டை என்று யோசிக்க வேண்டாம், அப்படியே உள்ளே வாருங்கள். பர்லியார் தாண்டியதும் எனக்கு ஒரு முறை கூப்பிடுங்கள். காலையில் மண்டியில் எதுவும் சாப்பிட்டிருக்க மாட்டீர்கள், வர்க்கி வாங்கி வைக்கிறேன்.